பெண்ணுக்கே பெண் வேஷமா?

ஜப்பானியத் திரையின் ஆரம்பகால இளவரசிக்கு வயது சுமார் அறுபது. பெயர் ஒன்பதாம் இச்சிகாவா தன்ஜூரோ. ஐயமே வேண்டாம், ஆண்தான். 1899இல் ‘மொமிஜிகாரி’ என்ற மரபுவழிக் கபுகி நாடகத்தின் சில நிமிடங்களைப் படமெடுத்தபோது இளவரசியாக ஆடியவர் இந்தப் பெரியவர். திறந்தவெளியில் அடித்த காற்று இளவரசியின் விசிறியைப் பறித்துக்கொண்டு போனது. இன்னொரு முறை ஆடச் சொல்லி அவரிடம் யார் கேட்பது? பறந்த விசிறியோடு சேர்த்தே 2009இல் அந்தப் படத்தை முக்கியப் பண்பாட்டுச் சொத்தாக்கிவிட்டது அரசு.

ஆண் இளவரசியானதெல்லாம் ஷோகுன் என்ற படைத்தலைவர்களின் ஆட்சி செய்த கைங்கரியம். கபுகி மேடையில் பெண்கள் ஆடினால் ஒழுக்கம் கெடுகிறதென்று 1629இல் தடை போட்டார்கள். அவர்கள் இடத்துக்கு விடலைப் பையன்கள் வந்தார்கள். ஒழுக்கம் அப்போதும் கெட்டது. 1652இல் அவர்களுக்கும் தடை. கடைசியில் வளர்ந்த ஆண்கள் கிமோனோவைச் சுற்றிக்கொண்டு நாணிக் கோணினார்கள். ‘ஒன்னகாதா’ என்ற இந்தக் கலைஞர்கள் அப்படியே சினிமாவுக்கும் வந்தார்கள். திரையோரம் நின்று கதை சொன்ன ‘பென்ஷி’களும் பெரும்பாலும் ஆண்களே. ஆக, கதாநாயகியின் முகமும் ஆண், விம்மலும் ஆண்.

இதைச் சகிக்காதவர் கயேரியாமா நொரிமாசா. வெளிநாட்டுப் படங்களைப் பார்த்துக் ‘கெட்டுப்போன’ இளைஞர். பெண் வேடத்தில் பெண்ணையே நடிக்க வைக்கலாமே என்ற விபரீத யோசனை அவருக்கு உதித்தது. டென்கட்சு படநிறுவனத்து முதலாளிகளை வழிக்குக் கொண்டுவர, படத்தை வெளிநாட்டில் விற்கலாம் என்றார். உள்ளூரில் அநாகரிகமாகத் தெரிவது ஏற்றுமதிக்கென்றால் வியாபாரமாகிவிடும் அல்லவா?

அப்படி வந்தவர்தான் ஹனயாகி ஹருமி. 1919இல் வெளியான ‘வாழ்வின் ஒளி’யில் பணக்காரப் பிள்ளையை நம்பி ஏமாறும் கிராமத்துப் பெண்ணாக நடித்தார். அவருக்கு முன்பும் சில பெண்கள் திரையில் தலைகாட்டியதுண்டு. ஆனாலும் முதல் திரைநடிகை என்ற பட்டம் பொதுவாக அவருக்கே போகிறது. பெண்ணாகப் பிறந்ததை ஒரு தொழில்நுட்பப் புதுமையாகக் கொண்டாட வைத்தவர் வேறு யார்? சில ஆண்டுகளிலேயே அவருடைய திரைவாழ்க்கை முடிந்துவிட்டது. ‘வாழ்வின் ஒளி’யின் பிரதிகூட இன்று இல்லை.

கதவு மட்டும் திறந்தே கிடந்தது. 1920இல் படத்தயாரிப்பில் இறங்கிய ஷோச்சிகு நிறுவனம் நடிகைகளையே நம்பியது. அடுத்த ஆண்டே குரிஷிமா சுமிகோ நட்சத்திரமானார். நிக்கட்சு நிறுவனமும் நடிகைகளை எடுக்கத் தொடங்கியது. பிழைப்பு பறிபோகிறதென்று கொதித்த அதன் ஒன்னகாதாக்கள் 1922இல் கூட்டமாக வெளியேறினார்கள். திரைக் கதாநாயகிகளின் மாபெரும் போராட்டம். பங்கேற்றவர்களில் ஒரு பெண்கூட இல்லை.

அப்படி வெளியேறியவர்களில் ஒருவர் கினுகாசா தெய்னோசுகே. பிறகு இயக்குநராகி, ‘நரக வாசல்’ படத்துக்காக 1954இல் கான் திரைப்பட விழாவின் உச்சப் பரிசை வென்றார். அதன் கதாநாயகி வேடத்துக்கு அவரைவிட அனுபவசாலி கிடைப்பது கடினம். இருந்தாலும், பெருந்தன்மையாக நடிகை மாச்சிகோ கியோவுக்கு விட்டுக்கொடுத்தார்.