லெஃப்ட் அவுட் ஆவது எப்படி?

முதலில் உனக்கு இடது கால் வேண்டும். எல்லோருக்கும்தானே இருக்கிறது என்று கேட்காதே தம்பி. விழுப்புரம், திண்டிவனம் பக்கம் பந்து ஆடுகிற பையன்களில் பெரும்பாலோருக்கு இடது கால் என்பது, வலது காலால் உதைக்கும்போது விழாமல் இருக்க ஊன்றிக்கொள்ளும் முட்டுக்கொம்பு. அந்தக் காலால் உனக்குப் பந்தைத் தூக்கி அடிக்க வருகிறது என்பது பி.டி. சார் கண்ணில் பட்டால் போதும், தலையெழுத்து முடிந்தது. “டேய் பீச்சாங்காலு, நீ லெஃப்ட் அவுட்டு, அந்தாண்ட போய் நில்லு” என்பார். எட்டாம் வகுப்பில் ஒரு சார் கைகாட்டிய அந்த ஓரத்தில்தான் நான் இருபது வருஷம் ஓடினேன்.

டி.வி.யில் விங்கர் என்கிறார்கள். நம் மைதானங்களுக்கு அந்தப் பெயர் இன்னும் முழுதாக வந்து சேரவில்லை. ரைட் அவுட், லெஃப்ட் அவுட் என்றுதான் பெருசுகள் சொல்வார்கள். நடுவில் ஆடும் இடம் பந்து வாங்கிக் கொடுத்தவனுக்கு. அதற்குப் பக்கத்து இடம் அவன் மச்சானுக்கு. கடைசியாக வந்து சேர்பவனுக்கு ஓரம். ஆகவே இந்தத் தொழிலில் இறங்க இரண்டாவது வழியும் உண்டு: லேட்டாகப் போ.

இடம் கிடைத்ததும் உன் ஓரத்தை ஒருமுறை நடந்து பார். இது முக்கியம். மைதானத்தின் நடுவில் புல் இருக்கலாம், இல்லாமலும் போகலாம். ஓரத்தில் நெருஞ்சி முள் கண்டிப்பாக இருக்கும். சுண்ணாம்புத் தூளால் போட்ட கோடு முதல் பாதியிலேயே அழிந்துவிடும். அதற்கப்புறம் பந்து வெளியே போனதா இல்லையா என்பதைக் கோட்டின் மேல் நிற்கிற ஜனங்கள்தான் தீர்மானிப்பார்கள். அவர்களுக்குப் பின்னால் வண்டிகள், வரிசையாக, சைடு ஸ்டாண்டு போட்டு. உன்னைத் தடுக்க எதிர் அணி பேக்கி ஒருவன்தான். மிச்ச வேலையை நாலு பல்சரும் ரெண்டு ஸ்பிளெண்டரும் பார்த்துக்கொள்ளும்.

திண்டிவனத்துக்குப் பக்கத்தில் ஒரு பொங்கல் போட்டியில், பேக்கியைத் தாண்டிவிட்டேன் என்ற சந்தோஷத்தில் நிற்க முடியாமல் போய் ஒரு வண்டியைக் கட்டிப்பிடித்தேன். அப்போதுதான் வந்து நின்ற வண்டி. சைலன்சர் சூடு இடது கெண்டைக்காலில் எட்டணா அகலத்துக்கு இன்றும் இருக்கிறது. கூட்டத்திலிருந்து ஓர் ஆள் பதறி ஓடி வந்தார். தூக்கிவிடத்தான் வருகிறார் என்று கையை நீட்டினேன். அவர் குனிந்து இண்டிகேட்டரைத் தடவிப் பார்த்து, “ஒண்ணும் ஆகல” என்று கூட்டத்துக்கு அறிவித்துவிட்டுப் போனார். கார்னர் கொடுத்தார்கள். வண்டி எதிர் அணியின் கணக்கில் சேர்ந்தது போலிருக்கிறது.

இடைவேளையில் குளுக்கோஸ் எதிர்பார்க்காதே. வேகவைத்த மல்லாட்டை கிடைக்கும். நிலக்கடலையை மல்லாட்டை என்று சொல்லும் மண் இது, சும்மா இல்லை. திண்டிவனத்தில் எண்ணெய் வித்து ஆராய்ச்சி நிலையமே இருக்கிறது. டி.எம்.வி. என்று தொடங்கும் நிலக்கடலை, எள் ரகங்களின் பெயரில் ஒளிந்திருப்பது திண்டிவனம்தான். ஊர்ப் பெயரை வெளி மாநிலம் வரை கொண்டுபோன ஆட்டக்காரர் யார் என்று கேட்டால் நான் கடலையைத்தான் காட்டுவேன். எங்கள் ஓரத்திலிருந்து எவனும் அதற்குக் கிட்டே வரவில்லை.

இப்போது தொழிலுக்கு வருவோம். ஊர் ஊராகப் போய் ஆடுபவனுக்கு கெஸ்ட் பிளேயர் என்று பெயர். எழுவர் ஆட்டத்தின் நோட்டீசில் ‘வெளியூர் ஆட்டக்காரர் இருவர் மட்டும்’ என்று போட்டிருப்பார்கள். அந்த இருவரில் ஒருவன் நீ. மூன்றாவது நான்காவது ஆளாகப் போனால் உனக்கு உள்ளூர்ப் பெயர் ஒன்று கொடுக்கப்படும். அதை மனப்பாடம் செய்துகொள். ஒரு போட்டியில் என்னை ‘ஏழுமலை’ என்று எழுதிவிட்டார்கள். மைக்கில் “ஏழுமலை அருமையான கிராஸ்” என்று மூன்று தடவை சொல்கிறார்கள். யாரடா அந்த நல்ல ஆட்டக்காரன் என்று நானும் திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

காசு பேசும்போது ‘சம்பளம்’ என்ற சொல்லை வாயில் எடுக்காதே. பேட்டா என்று சொல். அதுவும் ஆட்டத்துக்கு முன்னால். ஜெயித்தால் பரிசுத் தொகையில் பங்கு என்பார்கள். அந்தத் தொகையைக் கொடுக்க வேண்டிய பிரமுகர் மேடையில் கோப்பையை மட்டும் கொடுத்து, கவரை ‘நாளைக்கு வீட்டாண்ட வந்து வாங்கிக்குங்க’ என்பார். நாளைக்கு நீ வேறு ஊரில் இருப்பாய்.

போக்குவரத்து விஷயத்தில் நமக்குக் குறை சொல்ல வாயில்லை. விழுப்புரம் ஜங்ஷனில் இருந்து சென்னை, திருச்சி, மாயவரம், புதுச்சேரி, காட்பாடி என்று ஐந்து பக்கம் தண்டவாளம் பிரிகிறது. ஓர் ஓர ஆட்டக்காரன் ஊர் சுற்றுவதற்கென்றே போட்டது போல. திண்டிவனம் போக பாசஞ்சர் ஏறினால் முண்டியம்பாக்கம், விக்கிரவாண்டி, பேரணி, மயிலம் என்று நின்று நின்று போகும். பூட்ஸை ஜன்னல் கம்பியில் கட்டிக் காயவிட அது நல்ல வண்டி. எதிர் சீட்டுக்காரர் முகம் சுளித்தால் மயிலம் வருவதற்குள் பழகிவிடுவார்.

இவ்வளவு அலைச்சல் நமக்கு மட்டும்தான் என்று நினைத்துவிடாதே. ஈரான் லீக்கைப் பார். அங்கே அணிகளின் பெயரைப் படித்தால் பாத்திரக்கடைக்குள் நுழைந்தது போல இருக்கும். ஃபூலாத் என்றால் எஃகு. மெஸ் என்றால் தாமிரம்; கெர்மானில் ஒரு மெஸ், ரஃப்சஞ்சானில் ஒரு மெஸ். அராக் நகரத்தில் அலுமினியம். நஃப்த் என்றால் எண்ணெய். பெர்செபோலிஸ், எஸ்தெக்லால் என்ற இரண்டு பெரிய தெஹ்ரான் அணிகளில் இடம் பிடிக்காத ஓர் ஓர ஆட்டக்காரன் எஃகில் இரண்டு வருஷம், தாமிரத்தில் ஒரு வருஷம், எண்ணெயில் அரை சீசன் என்று உருகி ஓடிக்கொண்டே இருப்பான். நடுவில் கட்டாய ராணுவப் பணி வேறு. அதற்கும் அங்கே வழி வைத்திருந்தார்கள். பந்தர் அன்ஸலியின் மலவான், கடற்படையின் அணியாக இருந்தது. சிப்பாயாகப் போய், பந்து ஆடியே பணிக்காலத்தைக் கழித்தவர்கள் உண்டு.

அங்கே உலோகம் என்றால் இங்கே டிபார்ட்மென்ட். சென்னை லீக்கின் பழைய பெயர்களைச் சொல்லிப் பார்: இந்தியன் வங்கி, சுங்கத்துறை, வருமான வரி, ஐ.சி.எஃப்., தெற்கு ரயில்வே, ஏ.ஜி. ஆபீஸ். பட்டியலைக் கேட்டால் பந்து ஆடப் போகிறோமா, ரெய்டுக்குப் போகிறோமா என்று சந்தேகம் வரும். ஆனால் அம்மாக்களுக்கு அந்தப் பெயர்கள் பிடிக்கும். ‘பையன் பேங்க்ல ஆடறான்’ என்பதில் ‘ஆடறான்’ சத்தமில்லாமல் கரைந்துபோகும்.

ஈரானுக்கும் நமக்கும் நடுவில் ஒரு கிராஸ் ஏற்கெனவே வந்து விழுந்திருக்கிறது. ஈரானிலிருந்து வந்து 1980இல் கிழக்கு வங்க அணிக்கு ஆடப்போன ஜம்ஷித் நசீரி அப்படியே கொல்கத்தாக்காரர் ஆகிவிட்டார். அவர் மகன் கியான் நசீரி 2022 ஜனவரியில், மாற்று ஆட்டக்காரனாக இறங்கி, அதே கிழக்கு வங்க அணிக்கு எதிராக மோகன் பகானுக்காக மூன்று கோல் அடித்தார். அப்பா ஆடிய அணி என்றெல்லாம் பார்க்கவில்லை. 2024இல் சென்னையின் எஃப்.சி.க்கு வந்தார். ஒரு தலைமுறையில் ஈரானிலிருந்து சென்னை வரை வந்தாகிவிட்டது. இன்னும் 160 கிலோமீட்டர்தான் பாக்கி, விழுப்புரம் வந்திருக்கலாம்.

உனக்கு முன்மாதிரி வேண்டுமென்றால் நந்தகுமார் சேகரை வைத்துக்கொள். சென்னைப் பையன், அசல் ஓர ஆட்டக்காரர். சென்னை சிட்டியில் ஆடிவிட்டு டெல்லி டைனமோஸ் போனார். 2019இல் அந்த அணியே டெல்லியைக் காலி செய்துகொண்டு புவனேஸ்வரம் போய் ஒடிசா எஃப்.சி. ஆனது. அணி மாறாமலே ஊர் மாறும் கலை அது. 2023 ஏப்ரலில் ஒடிசா சூப்பர் கோப்பையை வென்றது. அடுத்து கிழக்கு வங்கம் போனார். அந்த ஆகஸ்டில் டூரண்ட் கோப்பையில் மோகன் பகானுக்கு எதிரான ஒரே கோல் அவருடையது. நாலரை வருஷமாக அந்த எதிரியிடம் ஜெயிக்காமல் கிடந்த பாதிக் கொல்கத்தா அன்று இரவு தூங்கியிருக்காது. 2024 ஜனவரியில் மறுபடியும் சூப்பர் கோப்பை இறுதி ஆட்டம், புவனேஸ்வரத்தில், பழைய ஒடிசாவுக்கு எதிராக. அதிலும் ஒரு கோல்; கிழக்கு வங்கம் 3-2. போன வருஷம் வாங்கிக் கொடுத்த கோப்பையை இந்த வருஷம் அவர்கள் வீட்டுக்கே போய்த் திரும்ப எடுத்து வருவதெல்லாம் எல்லோருக்கும் அமையாது.

அவர் புறப்பட்ட சென்னை சிட்டி என்ன ஆனது என்று கேட்பாய். 2018-19இல் ஐ-லீக் சாம்பியன். 2020-21க்குப் பிறகு அந்த லீக்கில் அதன் பெயரே இல்லை. ஆகவே ஜெர்சியின் மேல் ரொம்ப ஆசை வைக்காதே. பையில் ஜிப் மட்டும் நன்றாக இருக்கட்டும்.

இனி வருவதை ஒரு தரத்துக்கு இரு தரம் படி. நீ கேள்விப்பட்டிருப்பாய், ‘அவன் இப்ப செம ஃபார்ம்ல இருக்கான்’ என்று. அந்த ஃபார்ம் போகும், வரும். போகாத ஃபார்ம் வேறு இருக்கிறது. அதில் எண் போட்டிருக்கும். நாட்டுக்கு ஆடியவனுக்கு ஃபார்ம் 1. மாநிலத்துக்கு ஆடியவனுக்கு ஃபார்ம் 2. பல்கலைக்கழகத்துக்கு 3. மாநிலப் பள்ளி அணிக்கு 4. தமிழக அரசு வேலைகளில் விளையாட்டு வீரர்களுக்கு 3 விழுக்காடு இடம் உண்டு. போலீஸ் கான்ஸ்டபிள் தேர்வில் 10 விழுக்காடு. அங்கே போய் உன் இடது காலைக் காட்டினால் யாரும் பார்க்க மாட்டார்கள். காகிதத்தைக் காட்டு என்பார்கள். நான் இருபது வருஷத்தில் வாங்கிய கோப்பைகள் வீட்டுப் பரணில் இருக்கின்றன. ஒன்றில் அம்மா உப்பு போட்டு வைத்திருந்தார். பொங்கல் போட்டி, கோயில் திருவிழாப் போட்டி, நினைவுக் கோப்பை எல்லாம் சேர்த்தாலும் அரை ஃபார்ம் தேறாது.

ஃபார்ம் 3 சுலபம் என்று யாராவது சொன்னால் நம்பிவிடாதே. விழுப்புரம் மாவட்டக் கல்லூரிகள் வேலூர் திருவள்ளுவர் பல்கலைக்கழகத்தின் கீழ் இருந்தன. 2021 தொடக்கத்தில் விழுப்புரத்திலேயே ஜெயலலிதா பெயரில் பல்கலைக்கழகம் வந்தது. அதே வருஷம் அது அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தோடு சேர்ந்தது. கல்லூரி பெஞ்சில் அசையாமல் உட்கார்ந்திருந்த பையன் ஒரே வருஷத்துக்குள் மூன்று அணிப் பெயரைப் பார்த்துவிட்டான். ஈரான்காரனால்கூட முடியாத வேகம்.

நான் அதெல்லாம் வருவதற்கு ரொம்ப முன்னால் படித்தவன். ஒரு கையெழுத்துக்காக ஓர் அலுவலகத்துக்கு நாலு தடவை போனேன். முதல் தடவை சார் லீவு. இரண்டாம் தடவை சீல் இல்லை. மூன்றாம் தடவை சாரும் சீலும் இருந்தார்கள், ஃபைல் இல்லை. நாலாவது தடவை எல்லாம் இருந்தது. கடைசித் தேதி முந்தின வாரமே போயிருந்தது. பியூன் அண்ணன் நல்லவர். “தம்பி, நீங்க லெஃப்ட்ல ஆடுவீங்கல்ல, ஒரு நாள் பாத்திருக்கேன்” என்று டீ வாங்கிக் கொடுத்தார். அந்த வேலையில் எனக்குக் கிடைத்த பரிசுத் தொகை அது. எனவே சொல்கிறேன், எந்த ஆட்டத்துக்குப் போனாலும் முதலில் கேட்க வேண்டியது ‘கிரவுண்டு எப்படி?’ என்று இல்லை. ‘சர்ட்டிபிகேட்டு செல்லுமா?’

உடம்பைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. முட்டி போகும். தைலம் வாங்கு.

பெண் பார்க்கப் போகும்போது வாயைத் திறக்காதே. எனக்குப் பார்த்தபோது தரகர், “மாப்பிள்ளை லெஃப்ட் அவுட்டு” என்று பெருமையாகச் சொல்லிவிட்டார். பெண்ணின் பெரியப்பா காதைக் குவித்து, “எப்போ லெஃப்ட் ஆனாரு, எந்தக் கம்பெனி?” என்றார். அதற்கப்புறம் காபி வந்தது, கேசரி வரவில்லை. இப்போது நிலைமை கொஞ்சம் மாறியிருக்கலாம். பக்கத்துக் கடலூரில் பெண்பிள்ளைகள் பந்து ஆடி நாட்டு அணி வரைக்கும் போகிறார்கள். இந்துமதி கதிரேசன் இந்தியாவுக்கும் ஆடினார், போலீஸ் சப்-இன்ஸ்பெக்டராகவும் ஆனார். பெரியப்பாக்கள் இனி பெண்ணிடம் பொசிஷன் கேட்க வேண்டியிருக்கும்.

எப்போது நிறுத்துவது என்ற கேள்விக்கு என்னிடம் பதில் எதிர்பார்க்காதே. எனக்கு நாற்பத்தாறு. தொப்பை இருக்கிறது. பூட்ஸ் ஒரு சாக்கில் கட்டி மாடிப்படிக்குக் கீழே கிடக்கிறது. போன சனிக்கிழமை ராத்திரி சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது போன் வந்தது. திண்டிவனத்துப் பையன். ‘அண்ணே, நாளைக்குப் பெரியவங்க மேட்சு, நாப்பது வயசுக்கு மேல. ஒரு ஆள் கொறையுது. ஏழு மணிக்கு வந்துருங்கண்ணே, பெட்ரோல் காசு குடுத்துடறோம்.’

எந்த இடம் என்று கேட்டேன்.

“லெஃப்ட்டுதாண்ணே. அந்தப் பக்கம் வண்டியெல்லாம் விட்டிருக்காங்க, கொஞ்சம் பாத்து ஓடுங்க.”