தடுமாற்றத்துக்குத் தனிச் சம்பளம்

டிஸ்கவரி சேனலின் 'டர்ட்டி ஜாப்ஸ்' 2005 முதல் தொடராக ஓடியது. அதன் தொகுப்பாளர் மைக் ரோ கைவைக்காத வேலை இல்லை; சாக்கடைக்குள் இறங்கினார், பன்றிப் பண்ணையில் சேற்றில் குளித்தார். அதற்கு முன் பால்டிமோரில் ஓபரா பாடியவர், நள்ளிரவு டிவியில் சாமான் விற்றவர். ஆக, எதற்கும் துணிந்த மனுஷன்தான்.

மிச்சிகனின் மெக்கினா பாலத்தையும் விடவில்லை. கோபுரம் 552 அடி. பார்க்கிற நமக்கு சோபாவிலேயே உள்ளங்கால் கூசும். பக்கத்தில் நிற்கும் பாலத் தொழிலாளிக்கோ அது சாதாரணத் திங்கட்கிழமை. இங்கேதான் டிவியின் சூட்சுமம்: வேலை தெரிந்தவர் செய்தால் பத்து நிமிடத்தில் முடிந்து தொலைக்கும். தெரியாதவர் தடுமாறினால்தான் ஒரு எபிசோட் தேறும், நடுவில் நாலு விளம்பரமும் ஓடும்.

கொலராடோவின் ஒரு பண்ணையில் ஆட்டுக்குட்டிகளுக்குப் பல்லாலேயே காயடித்தார்கள். மைக் ரோவும் கடித்துப் பார்த்தார். 2008இல் ஒரு மாநாட்டில் மேடையேறி அந்தக் கதையைச் சொல்லிக் கைதட்டலும் அள்ளினார். கற்றுக்கொடுத்த பண்ணைக்காரரை யாரும் மேடைக்குக் கூப்பிடவில்லை. கூப்பிட்டாலும் வந்திருப்பாரா? பட்டியில் இன்னும் எத்தனை குட்டி பாக்கியோ!