காளானைக் கண்டுபிடித்த கனவான்கள்

கல்வராயன் மலைக்கு வெளியாள் ஒருவர் மூச்சிரைக்க ஏறி வந்தால், காரணத்தை ஊர்ப் பெரியவர்கள் சுலபமாகச் சொல்லிவிடுவார்கள்: கடுக்காய், இல்லாவிட்டால் தேன், அதுவும் இல்லாவிட்டால் ஓட்டு. சாராய ஊறலைத் தேடி வரும் போலீஸ் தனிக்கணக்கு. 1976 வரை ஜாகீர்தார்கள் பிடியில் இருந்த மலை இது. மேலே விளைவதற்குக் கீழே இருப்பவன் விலை வைப்பது இங்கே பழைய சங்கதி. எனவே போதைக் காளானின் சரித்திரம் புரிய ஹார்வர்டுக்குப் போக வேண்டாம். வெள்ளிமலை டீக்கடை பெஞ்சு போதும்.

1799 அக்டோபரில் லண்டன் கிரீன் பார்க்கில் ஓர் ஏழைத் தகப்பன் காளான் பறித்துப் பிள்ளைகளுக்குச் சமைத்துப் போட்டான். எட்டு வயது எட்வர்ட் சிரிக்கத் தொடங்கியவன் நிறுத்தவே இல்லை. வந்த மருத்துவர் பிராண்ட், வாந்தி மருந்து கொடுத்துவிட்டு மருத்துவ இதழில் கட்டுரையும் எழுதினார். இங்கிலாந்தில் ஒருவன் காரணமில்லாமல் சிரித்தால் அது நோய்தான்.

அடுத்து 1955. ஜே.பி. மார்கன் வங்கியின் துணைத் தலைவர் கார்டன் வாசன், மெக்சிகோவின் வாகாகா மலைக்கு ஏறினார். அங்கே மரியா சபீனா என்ற மசாடெக் வைத்தியச்சி, நோயின் மூலத்தை அறியக் காளான் சாப்பிடுவார். வாசனுக்கு நோய் ஒன்றுமில்லை. "ஊரில் இருக்கும் மகனைப் பற்றிக் கவலையாக இருக்கிறது" என்று ஒரு காரணம் சொல்லிச் சடங்கில் உட்கார்ந்தார். 1957இல் 'லைஃப்' பத்திரிகையில் அனுபவத்தை எழுதினார். கிழவிக்குப் புனைபெயர் வைத்தார். தன் பெயரை மட்டும் மாற்றவில்லை. பின்னாலேயே ஹிப்பிகள் படையெடுத்தார்கள். சபீனாவின் வீடு எரிந்தது.

இடையில் 1956இல் வாசனோடு சி.ஐ.ஏ.வின் வேதியியலாளர் ஒருவரும் ஒட்டிக்கொண்டு போனார். மனத்தைக் கட்டுப்படுத்தும் ஆயுதம் தேடிப் போனவர், வயிற்றைக் கட்டுப்படுத்த முடியாமல் திரும்பினார்.

சுவிட்சர்லாந்தின் வேதியியலாளர் ஆல்பர்ட் ஹாஃப்மன் 32 உலர்ந்த காளான்களைத் தானே விழுங்கிப் பார்த்தார். ரத்த அழுத்தம் பார்க்கக் குனிந்த டாக்டர், அவர் கண்ணுக்கு அஸ்டெக் பூசாரியாகத் தெரிந்தார். 1958இல் காளானின் போதைச் சத்தான சைலோசைபினைப் பிரித்தெடுத்து அறிவித்தார். 1962இல் அதை மாத்திரையாக்கி சபீனாவிடமே கொண்டுபோனார். "காளானுக்கு உள்ள சக்தி இதற்கும் இருக்கிறது" என்றார் அவர். அசலை எடுத்துப்போய், நகலுக்கு அசல்காரியிடமே சான்றிதழ் வாங்கிய சாமர்த்தியம்!

சரி, தலைக்குள் என்னதான் நடக்கிறது? சைலோசைபின் உடலில் சைலோசினாக மாறி, மூளையின் செரட்டோனின் ஏற்பிகளில் போய் உட்காருகிறது. 2012இல் லண்டன் இம்பீரியல் கல்லூரி ஸ்கேன் எடுத்துப் பார்த்தபோது, மூளை கொழுந்துவிட்டு எரியவில்லை. முக்கியமான சில மையங்கள் அடங்கியிருந்தன. 'நான், என் கடன், என் அவமானம்' என்று ஓயாமல் புலம்பும் டீஃபால்ட் மோட் நெட்வொர்க்கின் மையங்களும் அவற்றில் உண்டு. மூளையின் ஜாகீர்தார் விடுப்பில் போக, கிராமங்கள் ஒன்றோடொன்று நேரடியாகப் பேசிக்கொள்கின்றன. மருந்துகளுக்கு மசியாத மனச்சோர்வு கொண்ட 233 பேரிடம் நடந்த ஆய்வில், 25 மில்லிகிராம் ஒரே வேளை வாங்கியவர்களுக்கு மூன்று வாரத்தில் சோர்வு நன்றாகக் குறைந்திருந்தது. 12 வாரத்தில் அந்தப் பலன் பலரிடம் தங்கவில்லை. தற்கொலை எண்ணம் தலைகாட்டியவர்களும் உண்டு. சித்தப்பிரமை உள்ளவர்களை இத்தகைய ஆய்வுகளில் சேர்ப்பதில்லை. ஜாகீர்தார் இல்லாத நேரத்தில் சில ஊர்களில் கலவரம் வரும்.

ஆய்வில் அளந்து கொடுக்க ஆள் உண்டு, பக்கத்தில் டாக்டர் உண்டு. கொடைக்கானலில் முன்பின் தெரியாதவனிடம் பொட்டலம் வாங்கும் பையனுக்கு இரண்டும் கிடையாது. தெரியாத கை கொடுத்ததை நம்பினால் என்ன ஆகும் என்று, கல்வராயன் மலை இருக்கும் கள்ளக்குறிச்சிக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டாம். 2024 ஜூனில் மெத்தனால் கலந்த சாராயம் இங்கே அறுபதுக்கும் மேற்பட்டவர்களைக் கொன்றது.

1985 நவம்பரில் இந்தியாவின் போதைப்பொருள் சட்டம் அமலுக்கு வந்தது. சைலோசைபினும் அதன் பட்டியலில் உண்டு. அதே மாதம் மரியா சபீனா வறுமையில் செத்துப்போனார். 2019இல் பிரிட்டிஷ் கம்பெனி ஒன்று, சைலோசைபினின் ஒரு படிக வடிவத்துக்கு அமெரிக்காவில் காப்புரிமை பெற்றது. இடி இடித்தால் முளைக்கிற காளானின் சத்துக்கே பட்டா கிடைத்துவிட்டது. வன உரிமைப் பட்டாவுக்கு மனுப் போட்டுக் காத்திருக்கும் கல்வராயன்காரர்கள், அந்தக் கம்பெனி வக்கீலின் விலாசத்தை வாங்கி வைத்துக்கொள்வது நல்லது.