மூன்றே முக்கால் டைல்ஸ்

எங்கள் பக்கத்தில் வீடு வாங்கியவரிடம் வீடு என்ன விலை என்று யாரும் கேட்பதில்லை. "மாசம் எவ்ளோ கட்டறீங்க?" என்றுதான் கேட்பார்கள். 2021இல் அம்பத்தூருக்கும் ஆவடிக்கும் நடுவே, அயப்பாக்கம் பக்கம், இரண்டாவது மாடியில் ஒரு ஃப்ளாட் வாங்கியபோது என்னையும் அப்படித்தான் கேட்டார்கள். "இருபத்திமூணு" என்பேன். ஆயிரம் என்று சொல்லத் தேவையில்லை. கேட்டவர் உடனே, "பரவால்லியே சார், வாடகை குடுக்கிற மாதிரிதான்" என்பார். இந்த 'மாதிரிதான்'ஐ நம்பிக் கையெழுத்துப் போட்டவர்களை வரிசையில் நிற்க வைத்தால், அம்பத்தூர் ஓ.டி.யில் ஆரம்பித்துப் பூந்தமல்லி பஸ் ஸ்டாண்டு வரை போகும். நானும் அதில் எங்கேயோ திருவேற்காடு பக்கம் நிற்பேன்.

நான் அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு சின்ன கம்பெனியில் குவாலிட்டி பார்க்கிறவன். சட்டைப் பையில் பேனா இருக்காது, மைக்ரோமீட்டர் இருக்கும். ஒரு புஷ் 0.02 மில்லிமீட்டர் கூடியிருந்தால் சிவப்பு பெயின்ட் அடித்துத் தூக்கிப் போட்டுவிடுவேன். லேத்தில் நிற்கிற பையன்கள் என் தலையைக் கண்டாலே சபிப்பார்கள். அப்பேர்ப்பட்ட நான், வீட்டுக்கடன் பத்திரத்தில் அவர்கள் பென்சிலால் பெருக்கல் குறி போட்டுவைத்த இடத்திலெல்லாம் கையெழுத்துப் போட்டேன். ஒரு பக்கத்தைக்கூட வாசிக்கவில்லை. பேனாவும் அவர்களுடையது.

வீடு 42 லட்சம். 850 சதுர அடி என்பது பில்டர் சொன்ன கணக்கு. காலால் நடந்து பார்த்தால் 640தான் வருகிறது. மீதி 210 அடி மாடிப்படியிலும் வராந்தாவிலும் லிஃப்டிலும் இருக்கிறதாம். லிஃப்ட் ஒவ்வொரு தடவை மேலே போகும்போதும் என் வீட்டில் ஒரு துண்டு நாலாவது மாடிக்குப் போய்விட்டு வருகிறது.

கையிலிருந்து 13 லட்சம் போட்டோம். பத்திரச் செலவு தனி. அப்போது முத்திரைத்தாள் 7, பதிவுக் கட்டணம் 4, ஆக 11 சதவீதம். 2023 ஏப்ரலில் பதிவுக் கட்டணத்தை 2 ஆகக் குறைத்து, அதே கையோடு வழிகாட்டி மதிப்பை ஏற்றினார்கள். அந்தச் சந்தோஷமும் எனக்குக் கொடுத்து வைக்கவில்லை.

29 லட்சம் கடன் கேட்டேன். 30 லட்சம் கொடுத்தார்கள். கேட்டதற்கு மேல் கொடுக்கிறார்களே என்று பூரித்துப் போனேன். அந்த ஒரு லட்சம் என் கண்ணிலேயே படவில்லை. அது காப்பீட்டு பிரீமியம். "உங்களுக்கு ஏதாவது ஆயிட்டா ஃபேமிலிக்குத் தொந்தரவு இருக்காது சார். கையிலேருந்து ஒரு பைசா வேணாம், லோன்லயே சேர்த்துடறோம்" என்றார் வங்கிக்காரர். லோனில் சேர்த்தால் அதற்கும் வட்டி உண்டு என்பதை அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. ஒரு லட்சத்துக்கு 6.9 சதவீதத்தில் மாசம் 769 ரூபாய். இருபது வருஷத்தில் 1,84,000 சொச்சம். நான் செத்துப்போனால் பிரச்சினை வரக்கூடாது என்பதற்காக உயிரோடு இருந்து கட்ட வேண்டிய பணம்.

அப்பா ஆவடி டேங்க் ஃபேக்டரியில் வேலை பார்த்து ரிட்டையர் ஆனவர். கடைசி வரை குவார்ட்டர்ஸ், பிறகு வாடகை வீடு. கிரகப்பிரவேசத்தன்று எல்லோரும் பாயசம் குடித்துக்கொண்டிருக்கும்போது, யாருமே கேட்காத கேள்வியை அவர்தான் கேட்டார்.

"மொத்தம் எவ்ளோடா?"

"முப்பது லட்சம்ப்பா."

"அது வாங்கினது. கட்டப் போறது எவ்ளோ?"

எனக்குத் தெரியவில்லை. சுவரில் மாட்டியிருந்த நாள்காட்டியிலிருந்து முதல் நாள் தாளைக் கிழித்துப் பின்பக்கத்தில் பெருக்கினார். 23,079 இன்டு 240. விடை 55,38,960. இரண்டு தடவை சரிபார்த்துவிட்டு, "உனக்கு ஒரு வீடு. அவங்களுக்கு அரை வீடு" என்று சொல்லித் தாளை நாலாக மடித்து என் சட்டைப் பையில் வைத்தார். மைக்ரோமீட்டருக்குப் பக்கத்தில்.

வட்டி அசையாமல் நின்றால் வருகிற தொகைதான் அந்த 55 லட்சம். வட்டி நிற்கிற ஜாதி இல்லை. 2019 அக்டோபரிலிருந்து வங்கிகள் தரும் புது மிதவை வட்டி வீட்டுக்கடன்களை ரெப்போ மாதிரி ஒரு வெளி அளவுகோலோடு கட்டிப்போட வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. நான் வாங்கும்போது ரெப்போ 4 சதவீதம். கொரோனா காலத்து விலை. துணிக்கடையில் ஆடித் தள்ளுபடியில் வாங்கிய சட்டைக்குத் தை மாசம் வந்து மீதிப் பணம் கேட்க மாட்டார்கள். இங்கே கேட்பார்கள். 2022 மே 4ஆம் தேதி திடீரென்று 0.40 ஏற்றினார்கள். அப்புறம் மும்பையில் ரிசர்வ் வங்கியின் ஆறு பேர் குழு வட்டியை முடிவு செய்யக் கூடும்போதெல்லாம் ஏற்றம்தான். 2023 பிப்ரவரியில் 6.5. என் 6.9 சதவீதம் 9.4 ஆனது.

நடுவில் வங்கியிலிருந்து குறுஞ்செய்தி வரும். 'உங்கள் தவணைத் தொகையில் மாற்றம் இல்லை.' நல்ல மனுஷங்க என்று நினைத்துக்கொள்வேன். அதற்குக் கீழே இன்னொரு வரி இருக்கும்: பாக்கித் தவணைகள். 2022 ஜூனில், ஒன்பது தவணை கட்டி முடித்தபோது, பாக்கி 231. ஜூலையில் 273. அக்டோபரில் 369. பொங்கலுக்கு 453. மாசம் தவறாமல் கட்டிக்கொண்டேதான் இருக்கிறேன், பாக்கி ஏறிக்கொண்டேதான் இருக்கிறது. சென்ட்ரலில் அம்பத்தூருக்கு டிக்கெட் எடுத்து ஏறினேன். கொரட்டூர் தாண்டும்போது இந்த வண்டி ஆவடிதான் போகும் என்கிறார்கள். ஆவடி வருகிற நேரத்தில் திருவள்ளூர் என்கிறார்கள். 2023 ஏப்ரலில் எண்ணிக்கை 648 ஆனபோது வண்டி அரக்கோணத்தையும் தாண்டிப் போய்க்கொண்டிருந்தது. 648 மாசம் என்றால் 54 வருஷம். கடைசித் தவணை 2077இல். அன்றைக்கு எனக்கு வயது 97.

அரை நாள் லீவு போட்டுக் கிளைக்குப் போனேன். "அது சிஸ்டம் போடற கணக்கு சார். எழுபது வயசுக்கு மேல நாங்க விட மாட்டோம். அதுக்குள்ள முடிச்சிடணும்" என்றார் அதிகாரி. எதை என்று சொல்லவில்லை.

தவணை அட்டவணையை அச்செடுத்துக் கொடுத்தார். நாலு பத்தி. தேதி, தவணை, வட்டி, அசல். வேலைப் பழக்கம், ஒவ்வொரு வரியாக விரல் வைத்துப் பார்த்தேன். முதல் மாசத் தவணை 23,079இல் 17,250 வட்டி. அசலுக்கு 5,829. இதில் தில்லுமுல்லு ஒன்றும் இல்லை. பாக்கி இருக்கிற அசலுக்குத்தான் வட்டி. ஆரம்பத்தில் பாக்கி மலையளவு, வட்டியும் மலையளவு. வட்டி சாப்பிட்டுக் கை கழுவியபின் மிஞ்சியதுதான் அசலுக்கு. வட்டி விகிதம் ஏறினால், தவணையை ஏற்றாமல் விட்டால், அந்த மிச்சத்திலும் கை வைக்கும். பதினெட்டு மாசத்தில் நான் கட்டியது 4,15,422. அதில் அசலுக்குப் போனது 72,494. அடுத்த மாசக் கணக்கில் வட்டி 22,932. அசல் 147 ரூபாய். மறுபடி பார்த்தேன். ஆயிரம் விட்டுப்போகவில்லை, நூற்று நாற்பத்தேழுதான்.

அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை. 42 லட்சத்தை 850ஆல் வகுத்தால் சதுர அடி 4,941 ரூபாய். (640ஆல் வகுத்திருக்க வேண்டும். மனசு கேட்கவில்லை.) முன்பணத்துக்கு 263 அடி. அது ஹாலும் சமையலறையும். அதில் பெரும்பங்கு மனைவியின் நகையும் அப்பாவின் சேமிப்பும், நான் பெருமை பேச இடமில்லை. என் பதினெட்டு மாசச் சம்பளத்தில் மீட்டது 14.67 சதுர அடி. படுக்கையறை டைல்ஸ் இரண்டுக்கு இரண்டு. அதாவது மூன்று முழு டைல்ஸ், நாலாவதில் முக்காலுக்குக் கொஞ்சம் கம்மி. 147 ரூபாய்க்கு என்ன வரும் என்றும் போட்டுப் பார்த்தேன். நாலேகால் சதுர அங்குலம். சமையலறையில் போய் ஒரு மேரி பிஸ்கட்டை எடுத்து ஸ்கேல் வைத்து அளந்தேன். கிட்டத்தட்ட அதே பரப்பு. ஒரு மாசம் முழுக்க உழைத்தால் தரையில் ஒரு மேரி பிஸ்கட் எனக்குச் சொந்தம்.

"நடுராத்திரியில பிஸ்கட்டை வெச்சுக்கிட்டு என்னங்க பண்றீங்க?" என்றாள் மனைவி. சொன்னேன். பிஸ்கட்டை வாங்கிக் கடித்துக்கொண்டே போய்ப் படுத்துவிட்டாள். ஒரு மாச அசல் போனது.

மறுநாள் என் மகள் கோலமாவுக் கிண்ணத்துப் பக்கத்திலிருந்த சாக்பீஸை எடுத்து, ஜன்னலோரம் மூன்று டைல்ஸைச் சுற்றியும் நாலாவதில் முக்கால்வாசியும் கோடு போட்டாள். உள்ளே நின்றுகொண்டு, "நான் அப்பா வீட்ல நிக்கறேன். தாத்தா பேங்க் வீட்ல படுத்திருக்காரு" என்று கத்தினாள். அப்பா புரண்டு படுத்தார்.

1955 ஜனவரியில் ஆவடி காங்கிரஸ் மாநாட்டில்தான் சோஷலிச பாணிச் சமுதாயம் அமைப்போம் என்று தீர்மானம் போட்டார்கள். எங்கள் படுக்கையறையில் அது நடைமுறைக்கு வந்துவிட்டது என்றே சொல்ல வேண்டும். சொத்து பொது. பெயர்தான் என்னுடையது.

இந்த ரயில் பாதையில் கடன் வாங்காமல் கட்டி முடித்தவர், எனக்குத் தெரிந்து ஒருவர்தான். ஆவடிக்கு நாலு ஸ்டேஷன் தள்ளித் திருநின்றவூரில் இருந்த பூசலார் நாயனார். கோயில் கட்டப் பணம் தேடி அலைந்து எங்கேயும் கிடைக்காமல், மனசுக்குள்ளேயே கல் சேர்த்துக் கோபுரம் எழுப்பிக் கும்பாபிஷேகத்துக்கு நாளும் குறித்தார் என்று பெரியபுராணம் சொல்கிறது. எழுதிய சேக்கிழாரும் பூந்தமல்லிக்குப் பக்கத்துக் குன்றத்தூர்க்காரர், நம்ம ஏரியாக் கஷ்டம் தெரிந்தவர். காஞ்சியில் கல்லால் கோயில் கட்டிய பல்லவ ராஜாவே கட்டடம் எங்கே என்று ஊரெல்லாம் தேடிக்கொண்டு வந்தான். வங்கி வேல்யுவர் வந்திருந்தால் 'பேஸ்மென்ட் லெவல்கூட வரவில்லை' என்று எழுதிக் கொடுத்துவிட்டுப் போயிருப்பார். ஆனால் பூசலாருக்கு ரெப்போ ஏறியதாகப் பாட்டு இல்லை.

என் மச்சான் இதையெல்லாம் ஒப்புக்கொள்ள மாட்டான். "மாமா, 2041ல இருபத்திமூணாயிரத்துக்கு என்ன மதிப்பு? இன்னிக்குப் பெருசாத் தெரியும், அன்னிக்கு ஒரு ஹோட்டல் பில். வாடகை மட்டும் ஏறாம இருக்குமா?" என்பான். அதில் பாதி நியாயம் உண்டு. அப்பா தாளில் போட்ட 55 லட்சமும் இன்றைய 55 லட்சமும் ஒன்றல்ல. ஆனால் மச்சான் இன்னொன்றும் சொல்வான்: வட்டிக்கு வரிச் சலுகை. பழைய முறையில் இரண்டு லட்சம் வரை வட்டியைக் கழிக்கலாம், இருபது சதவீத வரம்பில் நாற்பதாயிரம் மிச்சம். பத்து ரூபாய் தொலைத்தவனுக்கு இரண்டு ரூபாய் திருப்பிக் கொடுத்து, அதைச் சேமிப்பு என்கிறார்கள். புது முறைக்கு மாறிவிட்டால் சொந்தமாகக் குடியிருக்கிற வீட்டுக்கு அந்த இரண்டும் கிடையாது.

இருபது வருஷத்திலேயே முடிய வேண்டும் என்றால் தவணை 27,860 ஆக வேண்டும் என்றார்கள். சரி என்று எழுதிக் கொடுத்தேன். நாலு மாசம் கழித்து, 2023 ஆகஸ்டில், ரிசர்வ் வங்கி ஓர் உத்தரவு போட்டது: வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா என்று கடன் வாங்கியவரைக் கேட்டுச் செய்ய வேண்டும். பேப்பரில் படித்ததும் மேரி பிஸ்கட்டை நினைத்துக்கொண்டேன்.

அந்தத் தீபாவளிக்குப் போனஸும் பழைய பாக்கியும் சேர்ந்து 50,000 வந்தது. படுக்கையறையில் ஒரு கப்போர்டு அடிக்க வேண்டும் என்று மனைவி ஆசாரியிடம் பேசியே வைத்திருந்தாள். நான் அட்டவணையைக் காட்டினேன். மிதவை வட்டிக் கடனை முன்கூட்டிக் கட்டினால் அபராதம் கூடாது என்று 2012லேயே ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குச் சொல்லிவிட்டது. இந்த 50,000 நேரே அசலில் போய் விழும். அன்றைய வட்டியில் வாலிலிருந்து ஒன்பது தவணை கழன்றுவிடும், இரண்டரை லட்சம். அவள் அட்டவணையைப் பார்க்கவில்லை. என் முகத்தைப் பார்த்தாள். "கட்டித் தொலைங்க" என்றாள்.

ஒரே நாளில் இரண்டரை டைல்ஸ். நடுவில் ஏற்றிக் கட்டிய தவணைகளில் வந்ததையும் சேர்த்து மகள் புதுக்கோடு போட்டாள். எட்டு. நூலளவு கம்மி, ஆனாலும் பாஸ் பண்ணிவிட்டேன். கப்போர்டு வந்திருக்க வேண்டிய இடத்தில் நின்று சாக்பீஸ் கோட்டை ரசித்துக்கொண்டிருந்தபோது மனைவி மாப்பையும் வாளியையும் கொண்டுவந்து என் கையில் கொடுத்தாள்.

"உங்க எட்டை நீங்க தொடைங்க. மிச்சத்துக்கு பேங்க்லேருந்து ஆள் வரச் சொல்லுங்க."