மூங்கிலும் மூடியும்

கியோத்தோ நகரத்தின் தென்கிழக்கே, இலையுதிர்காலத்து மேப்பிள் மரங்களின் சிவப்பைக் காண்பதற்காக ஜனங்கள் திரள் திரளாக வந்து மொய்க்கும் தோஃபுகு-ஜி மடாலயத்தை ஒட்டினாற்போல, மியோவான்-ஜி என்று ஒரு சின்னஞ்சிறு கோயில் இருக்கிறது. மரம் பார்க்க வந்த கூட்டத்தில் அகப்பட்டு, வழி தவறி, அதன் வாசலில் போய் நின்ற எங்கள் கண்ணுக்கு முதலில் தென்பட்டது கோயிலும் அன்று, மரமும் அன்று. கோரையால் முடைந்த பெரிய கூடை ஒன்றை உச்சந்தலையிலிருந்து மோவாய் வரையில் கவிழ்த்துக்கொண்டு, அதன் அடியில் தடித்த மூங்கில் குழல் ஒன்றைச் செருகி ஊதியபடி அசையாமல் நின்றிருந்த ஒரு மனித உருவந்தான்.

"பாவம், பஞ்சாரத்தைப் போய்த் தலையிலே கவுத்துக்கிட்டிருக்காரே!" என்றாள் என் சகதர்மிணி. கோழி வளர்த்த வீட்டில் பிறந்தவள். அவளுக்கு உலகத்தில் கவிழ்த்து வைக்கப்பட்ட கூடைகள் அனைத்தும் பஞ்சாரமே.

அது பஞ்சாரமன்று என்பதையும், அதற்குத் 'தெங்காய்' என்று பெயர் என்பதையும் பிறகு கேட்டறிந்தோம். எகரத்தைச் சற்றே நீட்டிவிட்டால் நம்மூர்ச் சட்னிக்குப் போய்விடும் அந்தச் சொல்லை எழுத்தெழுத்தாகப் பிரித்தால் 'விண்மூடி' என்று அர்த்தமாம். அதை அணிந்தவர் 'கொமுஸோ', அதாவது சூனியத் துறவி; அவர் ஊதிய குழல் 'ஷாகுஹாச்சி'. தோகுகாவா வம்சத்தார் ஜப்பானை ஆண்ட காலத்திலே, எஜமானரை இழந்து நின்ற சாமுராய் வீரர்கள் பலர் வாளை வைத்துவிட்டு இந்தக் குழலை எடுத்துக்கொண்டு, ஃபுகே என்னும் ஸென் பௌத்தப் பிரிவிலே சேர்ந்து, ஊர் ஊராகப் பிக்ஷை எடுத்துத் திரிந்தார்கள். மற்றவர்களெல்லாம் அநுமதிச் சீட்டுக்குக் கைகட்டி நிற்க வேண்டிய சுங்கச்சாவடிகளையும் காவல் வாயில்களையும் இவர்கள் தடையின்றிக் கடந்து போகலாம் என்ற சலுகை இருந்தபடியால், கூடைக்குள்ளே இருப்பது துறவியா ஒற்றனா என்ற சந்தேகம் ஜனங்களுக்கு என்றும் தீர்ந்தபாடில்லை. மேஜி அரசாங்கம் 1871-ஆம் ஆண்டில் அந்தப் பிரிவையே கலைத்துவிட்டது. குழல் மட்டும் பிழைத்தது; கூடையும் இப்படி எப்போதாவது ஒருநாள் வெளியே வருகிறது.

அகங்காரத்தை மறைப்பதற்காகவே அவர்கள் முகத்தை மறைத்தார்கள் என்று தத்துவம் சொல்கிறார்கள். நான் அதை ஆட்சேபிக்கவில்லை. ஆனால் மறுநாள் நேர்ந்த அநுபவத்திற்குப் பிறகு, அந்தக் கூடையைக் கண்டுபிடித்தவன் ஞானியல்லன், முதல் பாடம் கற்கப்போன ஒரு மாணாக்கனே என்பது என் திடமான அபிப்பிராயம்.

மறுநாள் நேர்ந்தது இதுதான். பிரயாணிகளுக்கு ஒரு மணி நேரத்தில் ஜப்பானிய வாத்தியங்களைத் தொட்டுப் பார்க்கவும் மீட்டிப் பார்க்கவும் சந்தர்ப்பம் அளிப்பவர்கள் கியோத்தோவில் உண்டு. எந்த வாத்தியத்தைத் தொடுவது என்பதுதான் கேள்வி. 'கொத்தோ' என்பது 13 தந்திகளுடன் ஆறடி நீளத்துக்குப் படுத்துக்கிடக்கிறது. அதன்மேல் ஆசை வைத்துவிட்டால் விமானத்தில் அதற்கும் ஓர் ஆசனம் வாங்க நேரும். 'ஷாமிசென்' வாத்தியத்துக்கோ சம்பிரதாயமாகப் பூனைத்தோலைப் போர்த்துவார்களாம். வீட்டில் எங்கள் வரவை எதிர்பார்த்து ஒரு பூனை காத்திருக்கையில், நான் எந்த முகத்தோடு அதைத் தொடுவது? மிஞ்சியது மூங்கில் குழல்தான். மேலும், குழல் என்றால் நமக்குத் தெரியாததா என்ற கர்வம் ஒன்றும் உள்ளுக்குள் இருந்தது. கண்ணபிரானுடைய தேசத்திலிருந்து வந்தவன், ஐந்தே துளைகளுள்ள ஒரு மூங்கிலுக்கு அஞ்சலாமா?

தோஃபுகு-ஜிக்கு இரண்டு தெரு தள்ளி ஒரு பழைய மரவீட்டில் எழுபது வயதை நெருங்கிய ஆசிரியர் எங்களை வரவேற்றார். எல்லோரும் அவரை 'ஸென்ஸேய்' என்று அழைத்தபடியால் நாங்களும் அப்படியே அழைத்தோம். அவருக்கு ஆங்கிலம் வராது. ஆங்கிலம் அறிந்த சிஷ்யப் பெண் ஒருத்தி இடையிலே உட்கார்ந்து, அவர் ஐந்து நிமிஷம் பேசியதை ஐந்து வார்த்தையிலும், ஒரே வார்த்தை சொன்னதை ஐந்து நிமிஷத்திலுமாக எங்களுக்கு எடுத்துரைத்தாள்.

முதல் பரீட்சை குழலில் இல்லை, காலில் இருந்தது. பாயின்மேல் உட்காரச் சொன்னதும், சம்மணமிடுவதில் நமக்கு நிகர் யார் என்ற பெருமையோடு நான் காலை மடக்கினேன். அவர் மென்மையாகத் தலையை அசைத்துவிட்டு, முழங்காலை மண்டியிட்டுக் குதிகாலின்மேல் பாரத்தை இறக்கும் 'ஸேய்ஸா' என்னும் இருப்பைக் காட்டினார். அதன்படி அமர்ந்த பத்தாவது நிமிஷத்தில் முழங்காலுக்குக் கீழே எனக்குக் கால்கள் உண்டா என்பதே நம்பிக்கையைப் பொறுத்த விஷயமாகிவிட்டது.

ஷாகுஹாச்சி என்பது பெயரன்று, அளவு. 'ஷாகு' என்பது அவர்களுடைய அடி; அதன் பத்தில் ஒரு பாகம் 'ஸுன்'; 'ஹாச்சி' என்றால் எட்டு. ஒரு ஷாகு எட்டு ஸுன் நீளமுள்ளது ஷாகுஹாச்சி. நம் கணக்கில் ஏறக்குறைய ஒரு முழமும் ஐந்து விரற்கடையும். துல்லியமாகச் சொன்னால் 54.5 சென்டிமீட்டர். நாமும் ஒரு வாத்தியத்துக்கு 'முழமும் ஐந்து விரலும்' என்று பெயர் வைத்து, அதைக் கேட்பதற்கு டிக்கெட் விற்பதாக நினைத்துப் பாருங்கள்! மதாகே என்னும் மூங்கிலை வேரோடு தோண்டியெடுத்து, வேர்ப்பாகமே அடிநுனியாக அமையும்படி செய்கிறார்கள். அடிப்பாகம் கனத்து வளைந்திருப்பதால், வாளைத் துறந்த சாமுராய் அவசியம் நேர்ந்தபோது அதையே தடியாகவும் உபயோகித்தான் என்று ஒரு கதை வழங்குகிறது. குழலைக் கையில் வாங்கிய பிறகு அந்தக் கதையை நான் சந்தேகிக்கவில்லை.

முன்னால் நான்கு துளை, பின்னால் ஒன்று, அவ்வளவுதான். நாதஸ்வரத்துக்குச் சீவாளி இருப்பதுபோல இதற்கு ஒன்றும் கிடையாது. மேல்வாயின் ஓரத்திலே சாய்வாக ஒரு சீவல். அதில் எருமைக்கொம்புத் துண்டு ஒன்றைப் பதித்திருக்கிறார்கள். திறந்த வாயின் பெரும்பகுதியை மோவாயாலும் கீழுதட்டாலும் அடைத்துவிட்டு, மிகுந்த சந்தின் வழியாக மூச்சை அந்தக் கூர்விளிம்பிலே பட்டுப் பிளக்கும்படி செலுத்த வேண்டும். பிளந்தால் நாதம், பிளக்காவிட்டால் வெறும் காற்று.

எனக்கு வெறும் காற்றே வந்தது. மெல்ல ஊதினேன், காற்று. பலமாக ஊதினேன், பலமான காற்று. குக்கரில் விசில் வருவதற்கு முன்பு ஒரு சீற்றம் எழுமே, அந்தக் கட்டத்துக்கு மேல் என் சங்கீதம் ஓர் அங்குலமும் நகரவில்லை. தலை சுற்றியது, கண்ணெதிரே பூச்சி பறந்தது. "அடுப்புப் பத்த வைக்கிற மாதிரி ஊதாதீங்க. உங்கம்மா ஊதாங்குழலாலே ஊதினதையாவது ஒரு நாள் எட்டிப் பார்த்திருந்தா இந்தக் கஷ்டம் வருமா?" என்று பின்னாலிருந்து தமிழில் ஒரு விமர்சனம் எழுந்தது. சிஷ்யப் பெண் அதன் பொருளை விசாரித்தாள். உற்சாகப்படுத்துகிறாள் என்று சொல்லி வைத்தேன்.

ஸென்ஸேய் மட்டும் சிறிதும் சலிக்கவில்லை. குழலுக்குள் மூச்சைச் சீற்றத்தோடு பாய்ச்சி, காற்றின் ஓசையையே நாதமாக்குவது 'முராயிகி' என்ற ஒரு பிரயோகம் என்றும், அதைத் தேர்ந்த சிஷ்யர்களுக்குத்தான் கற்பிப்பது வழக்கம் என்றும், நான் அதை முதல் நாளே கைக்கொண்டுவிட்டேன் என்றும் அவர் சொன்னதாகப் பெண் மொழிபெயர்த்தாள். தோல்வியை இவ்வளவு கௌரவமாகப் போர்த்தி அனுப்பும் நாகரிகத்தை நான் வேறெங்கும் கண்டதில்லை. பிறகு மேலும் ஓர் உண்மையை அவர் தெரிவித்தார்: மோவாயை ஏற்றியும் இறக்கியுமே இந்தக் குழலில் சுருதியைக் கூட்டுவதும் குறைப்பதும், ஆகையால் 'தலையாட்டக் கற்க மூன்று ஆண்டு' என்று வித்வான்களிடையே ஒரு வசனமாம். நம் நாட்டுச் சபைகளில் தலையாட்டுவது கேட்பவர்களுடைய பொறுப்பு. அங்கே வாசிப்பவரே அதையும் பார்த்துக்கொள்கிறார். மேலதிகாரிகள் முன்பு முப்பது ஆண்டுகள் தலையாட்டிய என் அநுபவம் இதில் கணக்குக்கு வருமா என்று கேட்க எண்ணி, மூச்சில்லாமையால் விட்டுவிட்டேன்.

சுவரில் இருந்த படங்களைக் காட்டி அவர் பரம்பரைகளைச் சொன்னார். பதினெட்டாம் நூற்றாண்டிலே நாடெங்கும் கோயில் கோயிலாகத் திரிந்து 36 உருப்படிகளைத் திரட்டிய குரோஸாவா கின்கோவின் பரம்பரை ஒன்று. 1896-இல் ஒஸாகாவில் நகாவோ தோஸான் தொடங்கியது மற்றொன்று. யமாகுச்சி கோரோ என்ற கின்கோ பரம்பரை வித்வான், நாரைகள் தம் கூட்டில் குஞ்சுகளைப் பேணுவதைப் பற்றிய ஓர் உருப்படியை வாசிக்க, அதைத் தங்கமுலாம் பூசிய தட்டில் பதித்து, 1977-இல் ஏவிய இரண்டு வாயேஜர் விண்கலங்களிலும் அமெரிக்கர்கள் ஏற்றி அனுப்பினார்கள். அந்தக் கலங்கள் இன்று ஆயிரம் கோடி மைலுக்கும் அப்பால், சூரியனுடைய ஆதிக்கத்தையும் தாண்டிப் போய்க்கொண்டிருக்கின்றன. ஷாகுஹாச்சியின் நாதம் அவ்வளவு தூரம் போயிருக்க, என்னுடையது மூன்றடிக்கு அப்பாலிருந்த ஸென்ஸேயின் செவிவரைகூடப் போய்ச் சேரவில்லை.

நாற்பதாவது நிமிஷத்தில், முகம் சிவந்து, கால் மரத்து, கோரைக்கூடை ஒன்று வாடகைக்குக் கிடைக்குமா என்று நான் ஏங்கிக்கொண்டிருந்த வேளையில்தான், சட்டைப்பையில் இருந்த மைப்பேனா நெஞ்சை உறுத்திற்று. உடனே, ஐம்பது வருஷத்துக்கு முன்பு புதைந்துபோன ஒரு வித்தை நினைவுக்கு வந்தது. நான்காம் வகுப்பில், பேனா மூடியைக் கீழுதட்டில் ஒட்டவைத்து அதன் விளிம்பிலே மூச்சைச் செலுத்தி விசிலடிப்பதில் எங்கள் பள்ளிக்கூடத்தில் என்னை வென்றவர் இல்லை. அதற்காக நான் வாங்கிய பிரம்படிகளுக்கும் கணக்கில்லை. மூடியைக் கழற்றி வாயில் வைத்தேன். 'கீ' என்று எழுந்த நாதத்தில் பக்கத்து அறையிலிருந்து யாரோ கதவை நீக்கி எட்டிப் பார்த்தார்கள். உதடு கலையும் முன்பே, அதே வாயோடு மூங்கிலை எடுத்து ஊதினேன். எல்லாத் துளைகளும் மூடியிருக்கையில் பிறக்கும் 'ரோ' என்ற அடி ஸ்வரம், ஈரமான மண்ணுக்குள்ளிருந்து கிளம்புவதுபோல, கனத்துக் கருத்து வெளிவந்தது. மூன்று விநாடி இருக்கும். அதற்குமேல் எனக்கு மூச்சில்லை. ஒரு மணி நேரமும் முடிந்துவிட்டது.

ஸென்ஸேய் குழலைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. இரு கைகளாலும் என் பேனா மூடியை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, இது எந்தப் பரம்பரை என்று மிகுந்த மரியாதையோடு விசாரித்தார்.

"நாலாம் வகுப்பு, கடைசி பெஞ்சு" என்றேன். அதைச் சிஷ்யப் பெண் எப்படி மொழிபெயர்த்தாளோ, அவர் குனிந்து வணங்கினார். பிறகு தாமும் மூடியை உதட்டில் வைத்து ஊதினார். காற்றுத்தான் வந்தது. அது முராயிகி என்று நான் சொன்னேன். அந்த அறையில் அன்றைக்கு எல்லோருமாகச் சேர்ந்து சிரித்தது அப்போதுதான்.

மூடியை அவரிடமே விட்டுவிட்டு வந்தேன்; பதிலுக்கு, பழகிக்கொள்வதற்கென்று பிளாஸ்டிக்கில் வார்த்த குழல் ஒன்றைக் கொடுத்தார். ஒஸாகாவுக்குத் திரும்பிய அரை மணி நேர ரயில் பிரயாணத்தில், மூடியற்ற பேனா சட்டைப்பைக்குள் தாராளமாகக் கசிந்தது. நான்கு முறை வெளுத்தாகிவிட்டது. நீலக்கறை இன்னும் போகவில்லை. பிளாஸ்டிக் குழல் சமையலறையில் இருக்கிறது. எதற்கு என்று கேட்காதீர்கள்.