சொம்பு என்னும் சொல்லும் அது சுமக்கும் பொருள்களும்: உத்திரமேரூரை முன்வைத்துச் சில குறிப்புகள்

குடிப்பதற்கென்று மனிதர் செய்துகொண்ட பாத்திரம் எதுவும் குடிப்பதோடு நின்றதில்லை என்பதும், தண்ணீரைத் தாங்கிய பாத்திரங்கள் காலப்போக்கில் தமக்குத் தொடர்பே இல்லாத பல பொருள்களையும் தாங்க நேர்ந்தது என்பதும் சொல்லாய்வாளர் கவனிக்கத் தக்க செய்திகளாகும். இதற்குப் பழைய சான்று பண்டைக் கிரேக்கரின் 'கொத்துலே' என்னும் சொல். சிறு குடிகலம் என்பதே அதன் பொருள் என்று அகராதியின் முதல் வரி கூறினாலும், ஹோமரின் இலியட் 5ஆம் பகுதியில் கிரேக்க வீரன் தியோமிதெஸ் எறிந்த கல் எதிரணி வீரன் ஈனியாஸின் இடுப்பைத் தாக்கும்போது, தொடையெலும்பு சுழலும் அந்தக் குழியை மக்கள் 'கொத்துலே' என்பர் என்று புலவரே இடையில் நின்று விளக்கம் சொல்லிவிட்டு மேலே போகிறார். அதே காப்பியத்தின் 22ஆம் பகுதியில் அச்சொல், தந்தையை இழந்த சிறுவனுக்கு விருந்தில் யாரோ இரங்கி நீட்டும் உண்மையான கோப்பையாகிறது. எலும்பு முதல் இரக்கம் வரை ஒரே பாத்திரத்தில் அடங்கிவிட்டது. இதில் வியக்க ஒன்றுமில்லை. தமிழ்நாட்டுப் பள்ளி மாணவரும் இடுப்பு மூட்டைப் 'பந்துக் கிண்ண மூட்டு' என்றே மனப்பாடம் செய்கின்றனர்.

கொத்துலே இத்துடன் அடங்கவில்லை. எண்காலியின் கையிலுள்ள உறிஞ்சு குழிகளுக்கும், இசைக்குத் தட்டும் தாளத்துக்கும், உள்ளங்கைக் குழிவுக்கும் கிரேக்கர் அதையே வழங்கினர். அதிலிருந்து கிளைத்த சொல்லையே பிற்காலத் தாவரவியலார் வித்திலைக்குப் பெயராக வைத்தனர். அது முகத்தலளவையும் ஆயிற்று: ஏதென்ஸ் நகரத்துக் கணக்கில் ஒரு கொத்துலே ஏறத்தாழ 270 மில்லிலிட்டர், அதாவது இன்றைய தமிழ்நாட்டில் எவருக்கும் விளக்கம் தேவைப்படாத 180 மில்லி 'குவாட்டர்' என்னும் அலகில் சரியாக ஒன்றரை. கிரேக்கர் மதுவில் தண்ணீர் கலந்தே அருந்தினர் என்பதையும் நடுநிலை கருதி இங்குப் பதிவு செய்ய வேண்டும். எகிப்தின் நவ்கிராதிஸ் ஊரினரும் ஏறத்தாழ பொ.ஆ. 200இல் வாழ்ந்தவருமான அதெனேயஸ், விருந்தில் அறிஞர் பேசிக்கொள்வதாக எழுதிய தம் பெருநூலின் 11ஆம் பகுதியைக் கோப்பைகளின் பெயர்களுக்கே ஒதுக்கியவர். அவர் அங்கே கொத்துலேயின் பெயரால் அமைந்த ஒரு விளையாட்டையும் குறிப்பிடுகிறார். தோற்றவர் இரு கைகளையும் குழிவாக்கி, அதில் வென்றவரின் முழங்கால்களை ஏந்தி அவரைச் சுமக்க வேண்டும். இது நம்மூர்ச் சிறுவரின் உப்பு மூட்டையே. பாத்திரத்துக்கும் பிறரைச் சுமப்பதற்கும் உள்ள இந்த உறவு கட்டுரையின் பிற்பகுதியில் மீண்டும் தேவைப்படும்.

தமிழில் கொத்துலேயோடு தோளுரசி நிற்கும் சொல் 'கலம்' என்று எவரும் எளிதில் கூறிவிடலாம். அது பாத்திரம், உண்கலம், மரக்கலம், அணிகலன், படைக்கலம் என்றெல்லாம் விரிந்து, நெல்லளவையில் 12 குறுணியாகி, நம் காலத்தில் மின்கலமாகவும் விண்கலமாகவும் உயர்ந்து, இலங்கைத் தமிழ்ப் பாடநூல்களில் உயிரணுவையும் குறிக்கிறது. ஆனால் இவ்வளவு உயரம் போன சொல்லை ஆராய்வதில் ஆய்வாளருக்குக் கிடைப்பது பெருமை மட்டுமே. விண்ணுக்குப் போகாமல் திண்ணையிலேயே தங்கிவிட்ட சொம்பு இதனினும் ஆழமான ஆய்வுக்கு உரியது என்பதே இக்கட்டுரையின் துணிபு.

சொம்பு என்பது செம்பு என்பதன் பேச்சு வடிவம். பெட்டி பொட்டியாகவும் பெண் பொண்ணாகவும் திரிந்தது போல, இதழ்களைச் சேர்த்து ஒலிக்கும் மெய்யின் அண்டையில் எகரம் ஒகரமாயிற்று. ஓசை சற்று நீண்டுவிட்டால் மளிகைப் பட்டியலில் தாளிக்கும் சோம்பாகவும், ஆளைக் குறித்தால் சோம்பலாகவும் மாறிவிடக்கூடிய அபாயம் இச்சொல்லுக்கு உண்டு என்றாலும், பேச்சில் இதுவரை யாரும் தடுமாறியதாகத் தெரியவில்லை. செம்பு முதலில் உலோகத்தின் பெயர். செம்மை நிறத்தால் வந்தது. பின்பு அவ்வுலோகத்தால் ஆன, உருண்ட வயிறும் ஒடுங்கிய கழுத்தும் விரிந்த வாயும் உடைய நீர்ப் பாத்திரத்துக்கு ஆகுபெயராயிற்று, அதாவது ஒன்றன் பெயர் அதனோடு தொடர்புடைய மற்றொன்றுக்கு ஆகி வந்தது. சிக்கல் இதற்குப் பின்னரே தொடங்குகிறது. பித்தளைச் செம்பு என்னும்போது உலோகத்தின் பெரும்பகுதி செம்பும் எஞ்சியது துத்தநாகமும் ஆதலால் சொல் ஓரளவு மானத்தோடு தப்புகிறது. வெள்ளிச் செம்பு என்னும்போது இரண்டு உலோகங்கள் ஒரே பாத்திரத்துக்கு உரிமை கோருகின்றன. எவர்சில்வர் செம்பிலோ, இரும்பும் குரோமியமும் கலந்த அந்தப் பொருளில் சில்வரும் இல்லை, செம்பும் இல்லை, பெயரில் மட்டும் இரண்டும் உண்டு. குழந்தைகள் விளையாடும் மரத்தாலான செப்புச் சாமான்களும் இந்த வழியில் வந்தவையே. கிரேக்கர் தம் கோப்பையைக் குழிவோடு தொடர்புபடுத்திக் கொண்டதால் எங்கெல்லாம் குழிவு இருந்ததோ அங்கெல்லாம் அச்சொல் போய் அமர்ந்தது. தமிழரோ உலோகத்தின் பெயரை வைத்தனர், உலோகம் கழன்றுகொண்டது, வெறுமையான சொல் யார் கையில் கிடைத்ததோ அவர் பொருளை நிரப்பிக்கொண்டார்.

அந்தக் கைகளை அறிய உத்திரமேரூரை நோக்க வேண்டும். காஞ்சிபுரம் மாவட்டத்து இவ்வூரின் வைகுண்டப் பெருமாள் கோயில் சுவரில், முதலாம் பராந்தக சோழனின் 12, 14ஆம் ஆட்சியாண்டுகளில், அதாவது பொ.ஆ. 919இலும் 921இலும் வெட்டப்பட்ட கல்வெட்டுகள், சதுர்வேதிமங்கலச் சபை தன் வாரியங்களுக்கு ஆள் எடுத்த குடவோலை முறையை விவரிக்கின்றன. வாரியம் என்பது இன்றைய சொல்லில் குழு: ஆண்டுக் கணக்கைப் பார்க்க ஒன்று, தோட்டத்துக்கு ஒன்று, வயிரமேகத் தடாகம் என்று பெயர் பெற்றிருந்த பேரேரியைக் காக்க ஒன்று, இன்னும் சில. ஊர் 30 குடும்புகளாக, அதாவது பிரிவுகளாக, வகுக்கப்பட்டு, குடும்புதோறும் தகுதியுடையோர் பெயர்கள் ஓலையில் எழுதிக் குடத்தில் இடப்பட்டன. கோயில் பூசகராகிய நம்பிமாரில் மூத்தவர் எல்லாரும் காணும்படி குடத்தை எடுத்துக் காட்டி நிற்க, உள்ளிருப்பதை அறியாத ஒரு சிறுவன் கைவிட்டு ஓலையை எடுக்க, மத்தியஸ்தர் அதை ஐந்து விரலும் அகல விரித்த உள்ளங்கையில் வாங்கிப் படித்தார். ஊர் மக்கள் அனைவருக்கும் உரிய தேர்தலாக இதனைப் பாராட்டும் மேடைப் பேச்சுகளுக்கு, கால் வேலிக்கு மேற்பட்ட வரி நிலமும் சொந்த மனையில் வீடும் மறையறிவும் 35க்கு மேல் 70க்குள் வயதும் கேட்ட அந்தக் கல்வெட்டே மறுப்பாக நிற்கிறது. எனினும் கணக்குக் காட்டாமல் போனவரும் அவர் உறவினரும் பெயர் கொடுக்க முடியாது என்ற விதி, 1,100 ஆண்டுகளுக்குப் பின்னும் படிப்பவரைச் சற்று நெளிய வைக்கக்கூடியது.

பாத்திர ஆய்வாளரின் பார்வைக்கு இங்கே இரண்டு நுட்பங்கள் புலப்படுகின்றன. முதலாவது, விரிந்த அந்தக் கை. உள்ளங்கை குழிந்தால் அது கொத்துலே ஆகிவிடும், குழிவில் இன்னோர் ஓலை ஒளிந்திருக்கக்கூடும். ஆகவே கையைக் கோப்பையாக்காதே என்பதே சபை இட்ட கட்டளை. இரண்டாவது, நம்பியார் பாத்திரத்தைத் தூக்கியதன் நோக்கம். அவர் யாருக்காகவும் தூக்கவில்லை, எல்லார் கண்ணுக்கும் படத் தூக்கினார். பாத்திரம் தூக்கும் தொழில் பற்றித் தமிழ்நாட்டில் இவ்வளவு விரிவான, இவ்வளவு மதிப்பான பதிவு வேறு காண்பதரிது.

பிற்காலத்தில் குடம் தண்ணீர்க் குழாயடிக்குப் போய் வரிசையில் நிற்கத் தொடங்க, ஊர் நியாயத்தின் அடையாளம் சொம்பிடம் வந்து சேர்ந்தது. ஆலமரம், விரித்த ஜமுக்காளம், நாட்டாமையின் வலப்பக்கத்தில் பித்தளைச் சொம்பு என்னும் அமைப்பை 1990களின் கிராமத்துத் திரைப்படங்கள் நிலைநிறுத்தின. வெற்றிலை போட்ட வாயைக் கொப்பளித்துத் துப்பிய பின்னரே தீர்ப்பு வெளிவர முடியும் என்பதால் சொம்பு நீதியின் இன்றியமையாக் கருவியாயிற்று. தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம், 1994இல் தலைவர், உறுப்பினர், கிராமசபை ஆகியவை பற்றி விதிகள் உண்டேயன்றிச் சொம்பு பற்றி ஒரு விதியும் இல்லை. இருந்தும் சொம்பில்லாத பஞ்சாயத்தை மக்கள் பஞ்சாயத்தாக மனத்தில் வரைவதில்லை. நகைச்சுவை நடிகர் அந்தச் சொம்பை நசுக்கி விட்டாலோ களவாடி விட்டாலோ அரங்கம் சிரிக்கிறது, நசுங்கியது எது என்பது எல்லாருக்கும் தெரியும்.

திண்ணையில் வந்து அமர்ந்தவருக்குக் கேட்காமலே நீட்டப்படும் தண்ணீர்ச் சொம்பு இந்நாட்டு விருந்தோம்பலின் முதல் வாக்கியம். ஆனால் அந்த வாக்கியம் எல்லாரிடமும் ஒரே மாதிரிச் சொல்லப்பட்டதில்லை. சிலருக்குச் சொம்பு கையில் தரப்பட்டது, சிலருக்கு உயரத்திலிருந்து அவர்தம் குழிந்த கைகளில் தண்ணீர் வார்க்கப்பட்டது. அந்த உயரமே இரு சாதிகளுக்கு இடையிலான தூரத்தின் அளவாக இருந்தது. தேநீர்க் கடைகளின் இரட்டைக் குவளை முறை அதே அளவையின் பிற்கால வடிவம். இந்த இடத்தில் போலி ஆய்வு நகைப்பை நிறுத்திக்கொள்கிறது.

நகைப்புக்கு மீண்டால், சொம்பின் மற்றொரு பொருள் விடியற்காலைக்கு உரியது. 'சொம்பு எடுத்துக்கொண்டு போயிருக்கிறார்' என்றால் அவர் ஏரிக்கரைப் பக்கம் ஒதுங்கியிருக்கிறார் என்பது பொருள். இலக்கணத்தார் இதனை இடக்கரடக்கல் என்பர், அதாவது சொல்லத் தகாததை வேறு சொல்லால் மறைத்துக் கூறுதல். இவ்வழக்கில் செயல் முழுவதும் மறைந்து பாத்திரம் மட்டும் எஞ்சி நிற்கிறது. பூசையில் மாவிலையும் தேங்காயும் தாங்கிப் பூரணகும்பமாக நிற்பதும், ஆடி மாதத்தில் மாரியம்மன் கோயில் கூழுக்கு நீட்டப்படுவதும், ஏரிக்கரைக்குப் போவதும் ஒரே சாதிப் பாத்திரங்கள் என்றாலும் ஒரே பாத்திரம் அல்ல என்பதை வெளியூர் ஆய்வாளர் மனங்கொள்வது நல்லது. எது எந்தச் சொம்பு என்பது அந்தந்த வீட்டுப் பெண்களுக்கு மட்டுமே தெரியும். பாத்திரமறிந்து பிச்சையிடு என்னும் பழமொழிக்கு உரைகாரர் கூறாத பொருளும் இதனால் பெறப்படும்.

இனி, அண்மைக் காலப் பொருளாகிய 'சொம்பு தூக்குதல்'. ஒருவர் செய்வதெல்லாம் சரியென்று சொல்லி அவர் பின்னால் திரிதல் என்று இதற்கு உரை காணலாம். இத்தொடரின் தோற்றம் பற்றி இரு கருத்துகளை முன்வைக்க இடமுண்டு. நாட்டாமையின் சொம்பைச் சுமந்த ஏவலாளிடமிருந்து வந்தது என்பது முதலாவது. பெரிய மனிதர் காலையில் ஏரிக்கரைக்குப் போகையில் பின்னால் சொம்போடு நடந்தவரிடமிருந்து வந்தது என்பது இரண்டாவது. நாட்டாமையின் சொம்பு ஜமுக்காளத்தில் அமர்ந்தே இருப்பதால் அதைத் தூக்க வேண்டிய தேவை குறைவு என்றும், ஏரிக்கரைச் சொம்பு தூக்கப்படாமல் போய்ச் சேராது என்றும் கண்டு, இக்கட்டுரை இரண்டாவதன் பக்கமே சாய்கிறது. எப்படியாயினும் தூக்குபவர் முதலில் 'சொம்பு தூக்கி' ஆகி, பின்பு தூக்குவது தொக்க, வெறும் 'சொம்பு' ஆனார். கிரேக்கரின் கோப்பை மனித உடலில் ஓர் எலும்புக் குழியையும் உள்ளங்கைக் குழிவையும் மட்டுமே பிடித்தது. தமிழ்ச் சொம்போ ஆளையே முழுதாக விழுங்கிவிட்டது. கிரேக்க விளையாட்டில் தோற்றவர் வென்றவரைச் சுமந்தார், ஆட்டம் முடிந்ததும் இறக்கிவிட்டார். இங்கே இறக்கிவிடும் வழக்கம் இல்லை.

சொம்பின் எழுத்தியல் தனி நூலுக்கு உரியதாயினும் ஒரு சொல் கூறாமல் விட முடியாது. இத்தாலியின் இஸ்கியா தீவில் 1954இல் கண்டெடுக்கப்பட்டதும் 'நெஸ்தரின் கோப்பை' எனப்படுவதுமான கொத்துலேயில் வலமிருந்து இடமாகக் கீறப்பட்ட மூன்று வரிகள், கிரேக்க எழுத்தின் மிகப் பழைய சான்றுகளுள் ஒன்று. கீழடிப் பானையோட்டில் 'குவிரன் ஆதன்' என்று ஒருவர் பெயர் இருக்கிறது. எகிப்தின் குசேர் அல் கதீமில் கிடைத்த ஓட்டில் 'பானை ஒறி' என்று தமிழி எழுத்தில் பாத்திரமே தன் பெயரைச் சொல்லிக்கொள்கிறது. இம்மரபின் இக்காலத் தொடர்ச்சியே பாத்திரக் கடையில் பெயர் வெட்டுதல். முன்பு சிற்றுளியும் சுத்தியலும், இப்போது மின்கருவியும் கொண்டு புள்ளி புள்ளியாகத் தலைப்பெழுத்து, பெயர், திருமண நாள், 'அன்பளிப்பு' என்னும் சொல் ஆகியன பொறிக்கப்படுகின்றன. கொடுத்தவர் பெயரே பொறிக்கப்படுவதாலும், விசேஷத்துக்கு இரவல் போன பாத்திரங்கள் அடிக்கடி இடம் மாறித் திரும்புவதாலும், ஆயிரம் ஆண்டுக்குப் பின் இவ்வட்டாரத்தைத் தோண்டும் தொல்லியலாளர் தாய்மாமன் ஒருவர் ஒரே காலத்தில் நான்கு ஊர்களில் குடியிருந்தார் என்று முடிவு கட்டக்கூடும்.

குடத்தின் கதை வேறு வழியாகச் சுற்றி வந்துவிட்டது. அன்று குடத்துக்குள் ஓலை போயிற்று, இன்று வாக்குப்பதிவு எந்திரத்துக்குள் பானை வந்திருக்கிறது. 2019 மக்களவைத் தேர்தலில் சிதம்பரத்தில் வென்ற சின்னம் அதுவே. சொம்புக்கு அத்தகைய மறுவாழ்வு வாய்க்கவில்லை. 20 லிட்டர் தண்ணீர் கேனும் காகிதக் கோப்பையும் வந்த பின் அது பரணுக்கு ஏறியது. பரணிலிருந்து இறங்குவது பெரும்பாலும் பழைய பாத்திரக் கடைக்குப் போகத்தான். அங்கே தராசின் முன் நிற்பவர் பஞ்சாயத்தையும் பூசையையும் ஏரிக்கரையையும் புள்ளிகளால் வெட்டிய மாமன் பெயரையும் பார்ப்பதில்லை. அடிப்பாகத்தை நகத்தால் ஒரு கீறு கீறி, செம்புக்கு ஒரு விலை, பித்தளைக்கு அதனினும் குறைந்த விலை, எவர்சில்வருக்கு எல்லாவற்றினும் குறைந்த விலை என்று வைத்துக்கொண்டு, அவர் கேட்பது ஒரே கேள்வி: "இது செம்பா, இல்லையா?"