வெட்டினால்தான் பூக்கும்!

கேள்வி: எங்கள் வீட்டு வாசலில் இருக்கும் அபுட்டிலான் கூரையைத் தொட்டுவிட்டது. ‘பாதியாக வெட்டு’ என்கிறார் மாமியார். பூக்கிற செடியை வெட்ட மனசு வரவில்லை. நீங்கள் யார் பக்கம்?
– ஒரு மருமகள், ஊட்டி

பதில்: மாமியார் பக்கம். அபுட்டிலான் புதுத் துளிரில்தான் மொட்டு வைக்கும். பழைய கிளையில் பூவை எதிர்பார்க்க முடியாது. எட்டாத உயரத்தில் நாலு பூ, கீழே இலையே இல்லாத கம்பு என்று நிற்கிற செடிக்கு இரக்கம் காட்டி என்ன லாபம்? பாதி உயரத்துக்குத் தாராளமாகக் கவாத்து செய்யலாம். ஆனால் உங்கள் ஊர் உறைபனி முடியும்வரை கத்தரியைத் தொடாதீர்கள். ஜனவரியில் நுனி கருகியிருந்தால் அதையும் அப்படியே விட்டுவிடுங்கள். கீழே உறங்குகிற மொட்டுகளுக்குக் கருகிய நுனிதான் குடை. மார்ச்சில் கணுவில் பச்சை எட்டிப் பார்த்ததும், அதற்குச் சற்று மேலே வெட்டுங்கள். வருகிற துளிர் விரல் நீளம் ஆனதும் நுனியைக் கிள்ளிவிட்டால் ஒன்று இரண்டாகக் கிளைக்கும். வெட்டிய குச்சிகளை எறிய வேண்டாம், அடுத்த கேள்விக்காரருக்கு வேண்டும்.

கேள்வி: அபுட்டிலான் குச்சி நட்டால் பிழைக்குமா?
– வாசகர், கொடைக்கானல்

பதில்: செம்பருத்திக்குச் சொந்தக்காரச் செடி, பிழைக்காமல் என்ன? ரொம்ப முற்றாத தண்டில் 10 செ.மீ. நறுக்கி, உச்சியில் இரண்டு இலை மட்டும் விட்டு, மணலும் தென்னை நார்க் கழிவும் கலந்த கலவையில் ஊன்றுங்கள். அடிப்பாகம் வெட்டிய தண்ணீர் பாட்டிலைக் கவிழ்த்து, நிழலில் வையுங்கள். வேர் விட்டதா என்று தினமும் பிடுங்கிப் பார்ப்பவர்களுக்கு மட்டும் வராது.

கேள்வி: இலை தளதளவென்று இருக்கிறது, பூ மட்டும் இல்லை. இன்னும் கொஞ்சம் யூரியா போடட்டுமா?
– வாசகர், குன்னூர்

பதில்: ‘இன்னும்’ என்ற சொல்லிலேயே பதில் இருக்கிறது. தழைச்சத்து மிஞ்சினால் இலைதான் கொழுக்கும். யூரியாவை நிறுத்துங்கள், பொட்டாஷ் உள்ள உரம் கொடுங்கள், காலை வெயில் படுகிற இடமா பாருங்கள்.

கேள்வி: இலையெல்லாம் மஞ்சள் திட்டு விழுந்த அபுட்டிலானுக்கு நர்சரியில் இரட்டை விலை சொல்கிறார்கள். உயர்ந்த ரகமா?
– வாசகி, ஏற்காடு

பதில்: உயர்ந்த ரக நோய்! அந்த மஞ்சள் திட்டுகளைப் போடுவது ஒரு வைரஸ். 1868-இல் மேற்கிந்தியத் தீவுகளிலிருந்து இங்கிலாந்துக்குப் போன ‘தாம்சோனி’ என்ற செடிதான் இந்த அழகுக்குப் பேர்போனது. நோய் என்று தெரியாமலே வாங்கிக் குவித்தார்கள். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஜெர்மானியத் தாவரவியலாளர் எர்வின் பாவர் ஆராய்ந்தபோது குட்டு வெளிப்பட்டது. திட்டு இலைச் செடியின் கிளையைப் பச்சை இலைச் செடியில் ஒட்டுக் கட்டினால், பச்சையிலும் திட்டு விழுந்தது. விதை போட்டு வளர்த்தால் வெறும் பச்சைதான் வந்தது. இன்றும் குச்சி வழியாகத்தான் அந்த அழகு பரம்பரையாக வருகிறது. நம் ஊர் வெண்டைக்கு வருகிற மஞ்சள் தேமலும் இதே வைரஸ் குடும்பம். அதைக் கண்டால் விவசாயி வயிறெரிந்து பிடுங்கிப் போடுகிறார். இதற்கு நீங்கள் இரட்டை விலை கொடுக்கப் பார்க்கிறீர்கள். செடி சாகாது, பூக்கவும் செய்யும்; கொஞ்சம் மெதுவாக வளரும், அவ்வளவுதான். பிடித்திருந்தால் வாங்குங்கள், ஆனால் பேரம் பேசி வாங்குங்கள்.

கேள்வி: அபுட்டிலான் என்றால் துத்திதான் என்கிறார் நண்பர். ஊட்டியிலிருந்து கொண்டுவந்த செடியின் இலையை மூலத்துக்கு வதக்கிச் சாப்பிடலாமா?
– வாசகர், மதுரை

பதில்: வேண்டாம். துத்தி, அபுட்டிலான் இண்டிகம். சித்த வைத்தியர்கள் மூலத்துக்குச் சொல்வது அதைத்தான். வேலியோரம் தானாக முளைக்கும். இதய வடிவ இலை, தொட்டால் வெல்வெட். மஞ்சள் பூ பிற்பகலில் மலரும். உங்கள் நண்பர் பாதி சரி. தோட்டத்தில் சிவப்பும் ஆரஞ்சுமாக மணி மணியாகத் தொங்குவதன் பூர்வீகம் தென்னமெரிக்கா. 2012-இல் தாவரவியலாளர்களே அந்தக் கூட்டத்தைக் காலியாந்தே என்ற வேறு பேரினத்துக்கு மாற்றிவிட்டார்கள். தொட்டியில் இருப்பதை ரசியுங்கள். மருந்துக்குச் சித்த மருத்துவரைப் பாருங்கள்.

கேள்வி: சென்னை மொட்டை மாடியில் வளருமா?
– வாசகி, மயிலாப்பூர்

பதில்: நவம்பரில் வாங்கினால் பிப்ரவரிவரை உங்களை ஏமாற்றும். மே மாதம் தொட்டி மண் சுட்டு, வேர் வெந்துபோகும். இரவுக் குளிர்ச்சி கேட்கிற செடி அது. பெங்களூர்வரை சமாளிக்கும், அதற்குக் கீழே இறங்கினால் சிரமம்தான். தொங்கும் பூதான் வேண்டும் என்றால் மிளகாய்ச் செம்பருத்தி வையுங்கள். கடைசிவரை விரியாது, வெயிலுக்கும் அசராது.

கேள்வி: பூவைத் தலையில் சூடலாமா?
– வாசகி, கோத்தகிரி

பதில்: சூடலாம். மணம் கிடையாது, தொடுக்கவும் வராது. பார்க்கிறவர்கள் ‘இது என்ன பூ?’ என்று கேட்பார்கள், அது ஒன்றுதான் வரவு.

கேள்வி: தேன்சிட்டு இந்தப் பூவையே சுற்றுகிறதே?
– வாசகர், குன்னூர்

பதில்: சொந்த ஊரில் ஹம்மிங் பறவை அந்தரத்தில் நின்று உறிஞ்சும். இங்கே தேன்சிட்டு பக்கத்துக் கிளையில் உட்கார்ந்து எக்கிக் குடிக்கிறது. அதற்காகவாவது மொட்டு வரும் நேரத்தில் பூச்சி மருந்து அடிக்காதீர்கள்.

கேள்வி: அப்படியானால் வெள்ளை ஈக்கு என்ன செய்வது? பக்கத்தில் வெண்டைப் பாத்தி வேறு இருக்கிறது.
– வாசகர், கூடலூர்

பதில்: காலையில் இலையைத் திருப்பிப் பாருங்கள், அடிப்பக்கம்தான் அதன் குடியிருப்பு. தண்ணீரைப் பீய்ச்சியடித்துக் கழுவுங்கள். மிஞ்சியதற்கு லிட்டர் தண்ணீரில் 5 மில்லி வேப்பெண்ணெயும் துளி சோப்புக் கரைசலும் கலந்து, வெயில் சாய்ந்தபின் இலையடியில் படும்படி தெளியுங்கள். வெண்டைக்குத் தேமலைக் கொண்டுவருவதும் இதே வெள்ளை ஈதான். ஆகவே இரண்டில் ஒன்றை இன்றே தோட்டத்தின் மறுகோடிக்கு மாற்றுங்கள். வெண்டையை நகர்த்த முடியாது என்பதால், அபுட்டிலான் தொட்டியைத் தூக்குங்கள்.